குடும்ப வழக்குகளில் சமரசம்: என்ன எழுத வேண்டும், எந்த வரிசையில் முடிக்க வேண்டும்

கணவன் மனைவி தகராறு கோர்ட்டுக்கு வந்தால் ஒரே வழக்கோடு நிற்பது அபூர்வம். கணவர் மதுரையில் விவாகரத்து மனு போட்டிருப்பார். மனைவியின் பிறந்த வீடு திருச்சியில் என்றால் அங்கே குடும்ப நல நீதிமன்றத்தில் ஜீவனாம்ச மனு இருக்கும். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் குடும்ப வன்முறைச் சட்டப்படி ஒரு மனு, மகளிர் காவல் நிலையத்தில் மாமியார், நாத்தனார் பெயர்களையும் சேர்த்து ஒரு எஃப்.ஐ.ஆர். என்று அடுத்தடுத்து வரும். குழந்தையைப் பார்க்க விடவில்லை என்று கணவர் தரப்பில் இன்னொரு மனு. மதுரை வழக்கைத் திருச்சிக்கு மாற்றச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் வேறொன்று. ஆக ஆறு வழக்கு, நான்கு கோர்ட்.

சமரசம் என்றால் இந்த ஆறையும் ஒரே எழுத்தில், ஒன்றோடொன்று பிணைத்து முடிப்பது. ஐந்தை முடித்துவிட்டு ஒன்றை அப்படியே விட்டால், அந்த ஒன்றிலிருந்து மறுபடி எல்லாம் முளைக்கும். பேச்சுவார்த்தையில் மனம் இறங்கி வந்தவர்கள்கூட ஆறு மாதம் கழித்து மறுபடி கோர்ட் வாசலில் நிற்பதற்குக் காரணம் பெரும்பாலும் கெட்ட எண்ணம் கிடையாது. எழுதியது அரைகுறையாக இருந்திருக்கும், அல்லது செய்த வரிசை தவறியிருக்கும். அதனால் இந்தக் கட்டுரையில் அந்த இரண்டையும்தான் விரிவாகப் பார்க்கப் போகிறோம்.

சட்டம் சமரசத்தை எங்கே வைத்திருக்கிறது

1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டம், 9-ஆம் பிரிவில், ஒத்துப்போக வைக்க வாய்ப்பு இருக்கும்வரை முயற்சி செய்வது நீதிபதியின் கடமை என்கிறது. 1955-ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தின் 23(2) பிரிவும் ஏறக்குறைய அதையே சொல்கிறது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 89-ஆம் பிரிவு, வழக்கை சமரச மையத்துக்கோ மக்கள் நீதிமன்றத்துக்கோ அனுப்ப கோர்ட்டுக்கு அதிகாரம் தருகிறது. அதே சட்டத்தின் ஆணை 23, விதி 3 இன்னும் முக்கியமானது: சமரசம் எழுத்தில் இருக்க வேண்டும், இரு தரப்பும் கையெழுத்திட வேண்டும், சட்டத்துக்கு உட்பட்டதாக இருக்க வேண்டும். அப்படி இருந்தால் கோர்ட் அதைப் பதிவு செய்து டிகிரி (தீர்ப்பாணை) தரும்.

புகார் போலீஸோடு நிற்கும் கட்டத்திலேயே பேசிப் பார்க்கலாமா? பார்க்கலாம். கொடுமை வழக்குகளிலும் சமரசத்துக்கு வாய்ப்பு தெரிந்தால் தரப்பினரை சமரச மையத்துக்கு அனுப்பலாம் என்று உச்ச நீதிமன்றம் 2013-இல் கே.ஸ்ரீனிவாச ராவ் வழக்கில் சொன்னது.

இங்கே ஒரு பெரிய தவறான நம்பிக்கையைத் தீர்த்துவிட வேண்டும். ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் 'அத்துவிட்டாச்சு' என்று முத்திரைத்தாளில் எழுதி, நோட்டரி முத்திரையும் வாங்கி வைத்திருப்பவர்கள் இன்றும் ஏராளம். காவல் நிலையத்தில் 'இனி எங்களுக்குள் சம்பந்தமில்லை' என்று எழுதிக் கொடுத்த தாளையும் விவாகரத்து என்று நினைப்பவர்கள் உண்டு. இந்து திருமணச் சட்டத்தின் கீழ் வரும் திருமணத்தை இந்தத் தாள்கள் முறிப்பதில்லை. வழக்காற்று மணமுறிவை 29(2) பிரிவு காப்பாற்றுகிறது என்பது உண்மைதான். ஆனால் அந்தச் சாதியில், அந்த வட்டாரத்தில் அப்படியொரு வழக்கம் நெடுங்காலமாக இருக்கிறது என்று சாட்சியோடு நிரூபிக்க வேண்டும். அது எளிதல்ல. அந்தத் தாளை நம்பி மறுமணம் செய்தவர் மீது இருதார வழக்கு வரலாம். இரண்டாவது மனைவியின் நிலையும் ஆட்டம் காணும். மணமுறிவு வேண்டுமென்றால் கோர்ட் டிகிரிதான் பாதுகாப்பு.

எங்கே பேசுவது

பேச நான்கு இடங்கள் உண்டு. முதலாவது குடும்ப நல நீதிமன்றத்தின் ஆலோசகர். மனு போட்டவுடன் முதல் சில வாய்தாக்கள் அவரிடம்தான் போகும். அவர் மனநிலையைப் பார்ப்பார். சேர்ந்து வாழ வழியுண்டா என்று இருவரையும் கேட்பார். இரண்டாவது, கோர்ட்டோடு இணைந்த சமரச மையம். தமிழ்நாட்டில் இதன் தாய் அமைப்பு, சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் 2005-இல் தொடங்கிய தமிழ்நாடு சமரச மற்றும் இணக்க மையம். மாவட்டக் கோர்ட்டுகளிலும் மையங்கள் உண்டு. மூன்றாவது, சட்டப்பணிகள் ஆணைக்குழு நடத்தும் மக்கள் நீதிமன்றம், அதாவது லோக் அதாலத். நான்காவது, மாற்றல் மனுவோ மேல்முறையீடோ நிலுவையில் இருக்கும் உயர் நீதிமன்றம் அல்லது உச்ச நீதிமன்றம்.

பணம், நகை, குழந்தை என்று சிக்கல் பல இருந்தால் சமரச மையமே சரியான இடம். அங்கே நேரம் கிடைக்கும். சமரசர் முதலில் இருவரையும் சேர்த்து உட்கார வைப்பார். பிறகு தனித்தனியே பேசுவார். தனியே அவரிடம் சொன்னதை, நீங்கள் அனுமதிக்காமல் அடுத்தவரிடம் சொல்ல மாட்டார். பேச்சு முறிந்தாலும் 'சமரசம் ஏற்படவில்லை' என்ற ஒற்றை வரி அறிக்கைதான் கோர்ட்டுக்குப் போகும். யார் எவ்வளவு கேட்டார், யார் எதை ஒப்புக்கொண்டார் என்பது எதுவும் போகக்கூடாது. உச்ச நீதிமன்றம் 2010-இல் மோதி ராம் வழக்கில் இதைத் தெளிவாக்கியது. 'பத்து லட்சம் தருகிறேன் என்று அன்றைக்குச் சொன்னாரே' என்று பிறகு வழக்கில் பிடித்துக்கொள்ள முடியாது. அதனால் பயப்படாமல் பேசலாம்.

லோக் அதாலத்தின் பலம் வேறு. அங்கே எழுதப்படும் தீர்வு, 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தின் 21-ஆம் பிரிவின்படி சிவில் டிகிரிக்குச் சமம், மேல்முறையீடு இல்லை. ஜீவனாம்சம், நகை திருப்பித் தருவது, குழந்தையைப் பார்க்கும் நேரம் எல்லாவற்றையும் அங்கே முடிக்கலாம். விவாகரத்தை மட்டும் முடிக்க முடியாது; அதற்குக் குடும்ப நல நீதிமன்றம் இருவரையும் விசாரித்தாக வேண்டும்.

வக்கீல் வைக்க வசதியில்லை என்று எந்தப் பெண்ணும் தனியாகப் போய்க் கையெழுத்துப் போட வேண்டியதில்லை. பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி தர வேண்டும் என்பது அதே சட்டத்தின் 12-ஆம் பிரிவு. 15100 என்ற எண்ணில் கேட்கலாம்.

முதல் அமர்வுக்கு முன்னால் செய்ய வேண்டியது

ஒரு தாளில் எல்லா வழக்குகளையும் எழுதுங்கள்: எந்தக் கோர்ட், வழக்கு எண், அடுத்த வாய்தா. எச்.எம்.ஓ.பி. (இந்து திருமண மனு), எம்.சி. (ஜீவனாம்ச வழக்கு), டி.வி.சி. (குடும்ப வன்முறை வழக்கு), சி.சி. (மாஜிஸ்திரேட் கோர்ட்டின் குற்ற வழக்கு) என்று எல்லாம் வர வேண்டும். எஃப்.ஐ.ஆர். ஆகாமல், புகாரைப் பெற்றதற்கான சி.எஸ்.ஆர். ரசீதோடு நிற்கும் புகாரையும், கமிஷனர் அலுவலகத்துக்கோ மகளிர் ஆணையத்துக்கோ அனுப்பிய மனுவையும் விடாதீர்கள். இந்தத் தாள்தான் பின்னால் ஒப்பந்தத்தின் முதுகெலும்பு.

அடுத்தது வருமானமும் சொத்தும். 2020 நவம்பரில் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில், ஜீவனாம்ச வழக்குகளில் இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அந்தப் பத்திரம் ஏற்கெனவே கோர்ட்டில் இருந்தால் அதைப் பார்க்காமல் தொகை பேசவே கூடாது. இல்லையென்றால் சம்பளச் சீட்டு, வருமான வரிக் கணக்கு, வங்கிக் கணக்கு விவரம் ஆகியவற்றைப் பரிமாறிக்கொண்ட பிறகு பேசுங்கள்.

நகைக்குத் தனிப் பட்டியல் வேண்டும். '50 பவுன்' என்று மொத்தமாக எழுதினால் ஒப்படைக்கும் நாளில் சண்டை நிச்சயம். ஆரம் எத்தனை கிராம், வளையல் எத்தனை ஜோடி, கல்லோடு எடையா கல் நீக்கியா என்று பொருள்வாரியாக எழுத வேண்டும். பில், கல்யாண ஆல்பப் படம் இரண்டும் உதவும். அடகில் இருக்கும் நகை என்றால் எந்த வங்கி, யார் பெயரில், எவ்வளவு பாக்கி, யார் மீட்பது என்பது வர வேண்டும். இதை விட்டுவிட்டு, நகையைத் திருப்பித் தருவதாக எழுதியவர் வட்டி ஏறி ஏலத்துக்குப் போகிற கட்டத்தில் கைவிரிப்பது அடிக்கடி நடக்கிற விபத்து. பீரோ, கட்டில், வெள்ளிப் பாத்திரம், வண்டி என்று சீர்வரிசைப் பொருட்களுக்கும் பட்டியல் தேவை. எங்கே, எந்தத் தேதியில் ஒப்படைப்பது என்பதும் அதில் இருக்கட்டும்.

தொகை எவ்வளவு

சட்டத்தில் இதற்கு வாய்ப்பாடு இல்லை. 2017-இல் ஒரு வழக்கில், கணவரின் நிகரச் சம்பளத்தில் 25 சதவீதம் பொருத்தமான ஜீவனாம்சம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதைப் பலர் விதிபோல மேற்கோள் காட்டுகிறார்கள். அது அந்த வழக்கின் அளவுகோல், அவ்வளவுதான். திருமணம் எத்தனை ஆண்டு, இருவரின் வருமானம், மனைவி வேலையை விட்டவரா, குழந்தை யாரிடம், உடல்நலம், கடன் எல்லாம் சேர்ந்துதான் தொகை அமையும்.

மாதத் தொகையா மொத்தத் தொகையா என்பதில் ஒரு கணக்கைப் போட்டுப் பார்க்காமல் முடிவெடுக்காதீர்கள். மாதம் 20,000 ரூபாய் என்றால் ஆண்டுக்கு 2,40,000. பத்து ஆண்டுக்கு 24 லட்சம் என்று பெருக்கி அந்தத் தொகையை மொத்தமாகக் கேட்பார்கள். அந்த 24 லட்சத்தை 7 சதவீத வட்டிக்கு வைப்பு நிதியில் போட்டால் மாதம் 14,000 ரூபாய் வரும், முதல் குறையாது. முதல் குறையாமல் மாதம் 20,000 வேண்டுமென்றால் சுமார் 34 லட்சத்து 30 ஆயிரம் தேவை. விலைவாசி ஏறும் என்பது இதில் சேரவில்லை. தரப்போகிறவருக்கும் இந்தக் கணக்கு பயன்படும்: மொத்தமாகத் தந்தால் வாழ்நாள் முழுக்க வரும் உயர்த்தல் மனுக்கள் நின்றுபோகும். அதற்கும் ஒரு விலை உண்டு என்று இருவரும் ஒப்புக்கொண்டால் பேச்சு நகரும்.

குழந்தையின் செலவை மனைவியின் தொகைக்குள் கலக்காதீர்கள். தனி எண்ணாக எழுதுங்கள். தாய் தன் உரிமையை விட்டுக்கொடுக்கலாம். குழந்தையின் உரிமையை விட்டுக்கொடுக்க தாய்க்கும் தந்தைக்கும் அதிகாரம் இல்லை. 'குழந்தைக்கும் இனி எதுவும் கேட்க மாட்டேன்' என்ற வரி எத்தனை முத்திரையோடு இருந்தாலும் அந்தக் குழந்தையைக் கட்டுப்படுத்தாது.

எழுத்து எப்படி இருக்க வேண்டும்

தினமும் கோர்ட்டுகளில் பார்க்கக்கூடிய மோசமான வாசகம் இது: 'கணவர் மனைவிக்கு ரூ.15 லட்சம் தர ஒப்புக்கொள்கிறார். மனைவி எல்லா வழக்குகளையும் வாபஸ் பெற ஒப்புக்கொள்கிறார்.' படிக்கச் சுத்தமாக இருக்கிறது. ஆனால் யார் முதலில் என்பது இல்லை. எந்தத் தேதி, எந்த வழியில் பணம் என்பது இல்லை. 'எல்லா வழக்கு' என்றால் எவை என்று தெரியாது. தவறினால் என்ன என்பதும் இல்லை. போதாக்குறைக்கு, கொடுமை வழக்கை மனைவி நினைத்தால் வாபஸ் வாங்கவே முடியாது. அதற்கு வேறு வழி இருக்கிறது, கீழே வருகிறது.

அதே 15 லட்சத்தை மூன்றாகப் பிரித்து, ஒவ்வொரு பங்கையும் ஒரு கோர்ட் நிகழ்வோடு கட்டினால் இரு தரப்பும் பாதுகாப்பாக இருக்கும். பரஸ்பர சம்மத மனு தாக்கலாகி இருவரின் முதல் வாக்குமூலமும் பதிவாகும் அன்று 5 லட்சம். உயர் நீதிமன்றத்தில் எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யும் மனுவில் மனைவி சம்மதப் பிரமாணப் பத்திரம் தந்து நேரில் நிற்கும் அன்று 5 லட்சம். இறுதி வாக்குமூலத்தன்று நீதிபதி முன்னிலையில் கடைசி 5 லட்சம். யாரும் முழுவதையும் முதலில் தந்துவிட்டு மற்றவர் வருவாரா என்று காத்திருக்க வேண்டியதில்லை.

டிடி என்றால் கவனம்: அதன் ஆயுள் மூன்று மாதம். வாய்தா தள்ளிப்போனால் காலாவதியாகிவிடும். வங்கியில் புதுப்பிக்க வேண்டும். டிடி எண், தேதி, வங்கிக் கிளை எல்லாம் வாக்குமூலத்தில் ஏற வேண்டும். ஆர்.டி.ஜி.எஸ். என்றால் அந்தப் பணப் பரிமாற்றத்துக்கு வங்கி தரும் யு.டி.ஆர். எண். பின்தேதியிட்ட காசோலையை நம்பி வழக்கை முடிக்காதீர்கள். திரும்பினால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவின்படி புது வழக்கு போடலாம்தான். பழைய வழக்கை முடிக்க வந்தவருக்குப் புதியது எதற்கு?

தவறினால் என்ன என்ற ஷரத்து அவசியம். தவணை தாமதமானால் எத்தனை சதவீத வட்டி, எத்தனை நாள் அவகாசம், அதற்குப் பிறகு பழைய ஜீவனாம்ச மனு எந்த நிலையிலிருந்து மீளும் என்று எழுத வேண்டும். மனைவி தரப்பு இறுதி நாளில் வராவிட்டால் வாங்கிய தொகையை எத்தனை நாளில் திருப்பித் தருவது என்பதும் வேண்டும். ஜீவனாம்ச பாக்கி இந்தத் தொகைக்குள் அடங்குமா என்பதைத் தனியாக ஒரு வரியில் எழுதுங்கள். பலர் மறக்கும் வரி இதுதான்.

வீடு மாறினால் பதிவுச் சட்டம் குறுக்கே வரும். அந்த வீடு வழக்கின் விஷயமாக இல்லாமல் சமரசத்தில் மட்டும் நுழைந்திருந்தால், கோர்ட் டிகிரி இருந்தாலும் 17-ஆம் பிரிவின்படி சார்பதிவாளரிடம் பதிவு செய்தாக வேண்டும். குடும்பத்துக்குள் எழுதும் செட்டில்மென்ட் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வைச் சலுகை உண்டு. விவாகரத்து டிகிரி வந்த பிறகு நீங்கள் கணவன் மனைவி அல்ல என்பதால், பத்திரத்தை டிகிரிக்கு முன்பே முடிப்பதா என்று பத்திர எழுத்தரிடமும் வக்கீலிடமும் கேட்டுக்கொள்ளுங்கள். வீட்டுக் கடன் பாக்கி இருந்தால் வங்கியின் ஒப்புதல் இல்லாமல் ஒருவர் பெயரை நீக்க முடியாது. கணவனும் மனைவியும் பேசிக்கொண்டது வங்கியைக் கட்டுப்படுத்தாது.

குழந்தையைப் பார்க்கும் நேரத்தை 'வசதிப்படி' என்று எழுதாதீர்கள். ஞாயிறு காலை 10 முதல் மாலை 5 வரை, எங்கே அழைத்து வந்து விடுவது, கோடை விடுமுறையில் எத்தனை நாள், பொங்கலும் தீபாவளியும் யாரிடம், வீடியோ அழைப்பு எந்த நாளில் என்று எழுதுங்கள். பள்ளிக் கட்டணம் யார், எந்தத் தேதிக்குள் என்பதும் வேண்டும். பாஸ்போர்ட் எடுக்கவும் புதுப்பிக்கவும் மற்றவர் கையெழுத்திட ஒப்புக்கொள்வதாக ஒரு வரி சேர்ப்பது நல்லது. வெளிநாட்டுக்கு அழைத்துச் செல்ல வேண்டுமானால் என்ன நிபந்தனை என்பதையும் சேர்க்கலாம். குழந்தை வளர வளர இந்த ஏற்பாடு பொருந்தாமல் போகலாம். கோர்ட் எப்போது வேண்டுமானாலும் இதை மாற்றலாம் என்பதால் இந்தப் பகுதி மட்டும் ஒருநாளும் இறுதியல்ல.

13பி: இரண்டு கட்டம்

இந்துக்களுக்கான பரஸ்பர சம்மத விவாகரத்து, திருமணச் சட்டத்தின் 13பி பிரிவு. 1976 திருத்தத்தில் வந்தது. ஓராண்டாவது தனித்தனியே வாழ்ந்திருக்க வேண்டும். ஒரே கூரையின் கீழ் இருந்தும் கணவன் மனைவியாக வாழவில்லை என்றால் அதுவும் தனியே வாழ்வதுதான் என்று 1991-இல் சுரேஷ்டா தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. இருவரும் சேர்ந்து மனு தர வேண்டும். அதிலிருந்து 6 மாதத்துக்குப் பிறகு, 18 மாதத்துக்குள், இருவரும் மறுபடி வந்து சம்மதத்தை உறுதி செய்ய வேண்டும்.

அந்த 6 மாதத்தைக் குறைக்கலாமா? 2017-இல் அமர்தீப் சிங் எதிர் ஹர்வீன் கவுர் வழக்கு அதற்கு வழி திறந்தது. மனு போடும்போதே ஓராண்டும் ஆறு மாதமும் சேர்த்து ஒன்றரை ஆண்டு பிரிந்திருக்க வேண்டும். சேர்த்து வைக்கும் முயற்சிகள் தோற்றிருக்க வேண்டும். ஜீவனாம்சம், குழந்தை உள்ளிட்ட எல்லாம் உண்மையாகவே தீர்ந்திருக்க வேண்டும். காத்திருப்பு வேதனையை நீட்டுவதாக மட்டுமே இருக்க வேண்டும். முதல் வாக்குமூலத்துக்கு ஒரு வாரம் கழித்து விலக்கு மனு போடலாம். இது கோர்ட்டின் விருப்புரிமை, கேட்டவுடன் கிடைக்கும் உரிமை அல்ல. ஒப்பந்தத்தில் ஓட்டை தெரிந்தால் நீதிபதி மறுப்பார், மறுப்பதும் நியாயம். உச்ச நீதிமன்றமோ அரசியல் சாசனத்தின் 142-ஆவது விதியின் கீழ் இந்தக் காத்திருப்பு இல்லாமலே திருமணத்தை முறிக்க முடியும். 2023 மே 1 அன்று ஷில்பா சைலேஷ் வழக்கில் அரசியல் சாசன அமர்வு அதை உறுதிப்படுத்தியது. அந்த அதிகாரம் கீழ்க் கோர்ட்டுகளுக்கோ உயர் நீதிமன்றத்துக்கோ கிடையாது.

கவனிக்க வேண்டியது: இறுதி டிகிரி வரை சம்மதம் உயிரோடு இருக்க வேண்டும். இடையில் ஒருவர் பின்வாங்கினால் கோர்ட் அவரை வற்புறுத்தி விவாகரத்து தராது. சுரேஷ்டா தேவி வழக்கின் மையமே அதுதான். கோர்ட்டுக்கு உறுதிமொழி தந்து பணமும் வாங்கிய பின் பின்வாங்கினால் அவமதிப்பு நடவடிக்கை வரலாம். அப்போதும் சம்மதத்தைப் பிடுங்க முடியாது. மேலே சொன்ன தவணைப் பிணைப்பு எவ்வளவு அவசியம் என்பது இங்கேதான் புரியும்.

சிறப்புத் திருமணச் சட்டத்தில் இதே ஏற்பாடு 28-ஆம் பிரிவில். கிறிஸ்தவர்களுக்கு விவாகரத்துச் சட்டத்தின் 10ஏ, 2001 திருத்தத்தில் வந்தது. இரண்டாண்டுப் பிரிவு என்று சட்டத்தில் எழுதியிருந்தாலும் கேரள உயர் நீதிமன்றம் 2010-இல் அதை ஓராண்டாகப் படித்தது. உங்கள் கோர்ட் எதைப் பின்பற்றுகிறது என்று கேட்டுப் போடுங்கள். முஸ்லிம்களுக்கு இருவரும் ஒப்பிப் பிரியும் முபாரத் உண்டு.

எஃப்.ஐ.ஆர். எப்படி முடியும்

மனைவியைக் கொடுமைப்படுத்தும் குற்றத்துக்கு இந்திய தண்டனைச் சட்டத்தின் 498ஏ, 2024 ஜூலை 1-க்குப் பிந்தைய சம்பவங்களுக்கு பாரதிய நியாய சன்ஹிதாவின் 85-ஆம் பிரிவு. தமிழ்நாட்டில் இது இரு தரப்பும் பேசி முடித்துக்கொள்ளும் குற்றப் பட்டியலில் இல்லை. மாஜிஸ்திரேட்டிடம் போய் 'சமாதானம் ஆகிவிட்டோம்' என்றால் அவரால் வழக்கை மூட முடியாது. உயர் நீதிமன்றம்தான் மூட முடியும். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482-ஆம் பிரிவு, இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528-ஆம் பிரிவு. 2003-இல் பி.எஸ்.ஜோஷி வழக்கும் 2012-இல் கியான் சிங் வழக்கும் இந்த வழியை உறுதி செய்தன.

நடைமுறை இப்படி: குற்றம் சாட்டப்பட்ட எல்லோரும் சேர்ந்து குவாஷ் மனு, அதாவது வழக்கை ரத்து செய்யக் கேட்கும் மனு போடுவார்கள். கூட்டு சமரச மெமோவும், புகார்தாரரின் பிரமாணப் பத்திரமும் இணைக்கப்படும். விசாரணை நாளில் இரு தரப்பும் அடையாள அட்டையோடு வர வேண்டும். காவல் நிலையத்திலிருந்து வரும் அதிகாரி அடையாளம் காட்டுவார். நீதிபதி மனைவியிடம், யாராவது மிரட்டினார்களா என்று நேராகக் கேட்பார். நாத்தனார் கணவர் பெயர் ஒன்று மனுவில் விட்டுப்போனால் அவர் மீது மட்டும் வழக்கு உயிரோடு இருக்கும். குற்றப்பத்திரிகையை வைத்துப் பெயர்களைச் சரிபாருங்கள். கொலை முயற்சி, பாலியல் வன்கொடுமை போன்ற கடுமையான பிரிவுகள் சேர்ந்திருந்தால் சமரசத்தைக் காட்டி ரத்து கேட்க முடியாது என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

சமரசப் பலனை முழுதாகப் பெற்ற பிறகும் புகாரை நடத்தினால்? 2004-இல் ருசி அகர்வால் வழக்கில், அப்படி நடத்துவது கோர்ட் நடைமுறையைத் துஷ்பிரயோகம் செய்வது என்று சொல்லி உச்ச நீதிமன்றமே வழக்கை ரத்து செய்தது. அதற்கும் ஆதாரமாக நின்றது தெளிவாக எழுதிய ஒப்பந்தம்தான்.

சேர்ந்து வாழ ஒப்பும்போது

இதற்கு மக்கள் எழுத்தே வேண்டாம் என்பார்கள். வேண்டும். தனிக்குடித்தனமா, வாடகை யார், குடிப்பழக்கம் இருந்தால் எங்கே சிகிச்சை, சம்பளக் கணக்கை யார் கையாள்வது, பெற்றோர் வந்து தங்குவது எத்தனை நாள் என்பதெல்லாம் எழுத்தில் இருந்தால் மறுபடி வாய்ச்சண்டை குறையும். வழக்குகளை அன்றே வாபஸ் வாங்காமல், மூன்று மாதமோ ஆறு மாதமோ நிலுவையில் வைத்துப் பார்க்க கோர்ட்டைக் கேளுங்கள். மறுபடி சேர்ந்து வாழ்ந்தால் பழைய கொடுமையை மன்னித்ததாக எதிர்தரப்பு வாதிடும். ஆனால் கொடுமை மறுபடி தொடங்கினால் பழையதும் உயிர்பெறும் என்பது 1975-இலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. இன்னொன்று: சேர்ந்து வாழ்ந்து பிறகு பிரிந்தால் 13பி-யின் ஓராண்டு புதிதாக எண்ணத் தொடங்கும்.

எப்போது உட்காரக் கூடாது

அடி, மிரட்டல், குழந்தையைப் பறித்து வைத்துக்கொண்டு பேரம் ஆகியவை இருக்கும்போது சமரச மேசை சமமான மேசை அல்ல. குழந்தையைக் காட்டுகிறோம், கையெழுத்துப் போடு என்பது சம்மதம் ஆகாது. வன்முறை, மோசடி, நிர்ப்பந்தத்தில் பெற்ற சம்மதத்தின் மேல் டிகிரி தரக்கூடாது என்று இந்து திருமணச் சட்டத்தின் 23(1)(பிபி) பிரிவே சொல்கிறது. இப்படிப்பட்ட நிலையில் முதலில் குடும்ப வன்முறைச் சட்டப்படி பாதுகாப்பு ஆணையும் வசிப்பிட ஆணையும் வாங்குங்கள். அவை கையில் இருக்கும்போது பேசுங்கள். பேச்சு முடிந்து கடைசிப் பணம் கைக்கு வரும்வரை அவற்றை விட்டுவிடாதீர்கள். ஒரே அறையில் உட்கார பயமாக இருந்தால் சமரசரிடம் சொல்லலாம், தனித்தனி அறையில் பேச வைப்பார். 'இன்றைக்கே போடு, நாளைக்கு நீதிபதி மாறிவிடுவார்' என்று யாராவது அவசரப்படுத்தினால் வரைவை வீட்டுக்கு எடுத்துப் போய்ப் படியுங்கள். அதற்கு ஒரு வாய்தா கேட்டால் யாரும் மறுக்க மாட்டார்கள். ஏனென்றால் கையெழுத்திட்ட பிறகு, ஏமாற்றப்பட்டேன் என்று தனி வழக்குப் போட முடியாது. ஆணை 23, விதி 3ஏ தடுக்கிறது. டிகிரி தந்த அதே கோர்ட்டில்தான் முறையிட வேண்டும், நிரூபிக்கும் பாரமும் உங்கள் மேல்தான்.

டிகிரிக்குப் பிறகு

சான்றிட்ட நகல் குறைந்தது மூன்று வாங்கி வையுங்கள். ஒவ்வொரு கோர்ட்டிலும் வழக்கு முடிந்ததாகப் பதிவானதா என்று இ-கோர்ட்ஸ் தளத்தில் எண்ணைப் போட்டுப் பார்க்க வேண்டும். வெளிநாடு போகாமல் தடுக்கும் தேடுதல் நோட்டீஸை (லுக் அவுட்) போலீஸ் கொடுத்திருந்தால் குவாஷ் உத்தரவின் நகலைக் காவல் நிலையத்தில் எழுத்துமூலம் தந்து, அதை நீக்கக் கேளுங்கள். இல்லாவிட்டால் விமான நிலையத்தில் நிறுத்துவார்கள். ஜாமீனுக்காக கோர்ட்டில் ஒப்படைத்த பாஸ்போர்ட்டைத் திரும்பப் பெறத் தனி மனு போட வேண்டும். பி.எஃப்., காப்பீடு, வங்கிக் கணக்குகளில் வாரிசுதாரர் பெயரையும் ரேஷன் அட்டையையும் மாற்றுங்கள்.

பணம் நின்றுபோனால் காத்திருக்க வேண்டாம். டிகிரிப்படி வர வேண்டிய மொத்தத் தொகைக்கு நிறைவேற்று மனு போட 12 ஆண்டு அவகாசம் இருக்கிறது. மாத ஜீவனாம்சம் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆம் பிரிவு, இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ஆம் பிரிவின் கீழ் என்றால் கணக்கு வேறு: ஒவ்வொரு மாதத் தொகையும் விழுந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட்டால்தான் அதற்கு வாரண்ட் கிடைக்கும். 'தருவார், தருவார்' என்று பதினான்கு மாதம் பொறுத்தவர் முதல் இரண்டு மாதத் தொகைக்கு அந்த வழியை இழந்திருப்பார்.